சிவப்பு வயரும் மஞ்சள் வயரும்

சாவியைத் திருகினேன். 'டிக்' என்று ஒரு சத்தம் வந்தது. அவ்வளவுதான்.

மறுபடி திருகினேன். முன்னால் எரிந்த சின்ன விளக்குகள் மங்கி, ஒவ்வொன்றாக அணைந்தன. அதற்குப் பிறகு 'டிக்'கும் இல்லை.

தை மாதத்துத் திங்கட்கிழமைக் காலை. ஒஸ்லோவின் புறநகரான வெஸ்ட்லியில் எங்கள் அடுக்குமாடிக்குக் கீழே உள்ள கார் தரிப்பிடம். கண்ணாடியின் உட்பக்கத்திலும் பனி பூத்திருந்தது. சாவி திருகுவதற்காகக் கையுறையைக் கழற்றியிருந்தேன். விரல் நுனிகள் நெருப்பில் வைத்ததுபோல எரிந்தன.

குளிர்காலம் தொடங்கியதில் இருந்து இது மூன்றாவது தடவை. முதல் இரண்டு தடவையும் கோபம் வந்தது. இந்த முறை பயம் வந்தது. ஏனென்றால் ஆர்னெ காத்திருப்பார்.

முதியவர்களின் வீடுகளுக்குப் போய்ப் பராமரிக்கும் வேலை எனக்கு என்பதை இந்தத் தொடரில் முன்னொரு வாரம் எழுதியிருந்தேன். ஆர்னெ என் காலை வரிசையில் முதல் ஆள். ஒரு காலத்தில் ட்ராம் ஓட்டியவர். இப்போது இரண்டு கண்ணும் நிழல் மட்டுமே காட்டும். ஏழரைக்கு நான் போய் இன்சுலின் போட வேண்டும். பிறகுதான் அவருக்குப் பாணும் பழுப்புச் சீஸும்.

அலுவலகத்துக்குத் தொலைபேசி எடுத்தேன். அனுப்புவதற்கு வேறு ஆள் இல்லை என்றார்கள். மெட்ரோவுக்கு ஓடினேன். ஆர்னெயின் வீடு இரண்டு நிலையங்களுக்கு நடுவில், மேட்டின் மேலே இருக்கிறது. கண்ணாடிபோல உறைந்த பாதையில் வாத்துமாதிரி நடந்து போய்ச் சேர ஒரு மணித்தியாலம் பிந்திவிட்டது.

கதவைத் திறந்தபோது அவர் வாசலுக்கு உள்ளே, அலுமாரியில் சாய்ந்தபடி தரையில் இருந்தார். நெற்றியில் இரத்தம் காய்ந்திருந்தது. நான் வரவில்லையே என்று பார்க்க எழும்பியவர், விரிப்பில் தடுக்கி விழுந்திருக்கிறார்.

"நீ வருவாய் என்று தெரியும்" என்றார் நொர்வீஜிய மொழியில்.  ஏசியிருந்தால் எனக்குக் கொஞ்சம் இலேசாக இருந்திருக்கும்.

எலும்பு முறியவில்லை என்று வைத்தியர் சொன்னார். நெற்றியில் நாலு தையல். அந்த நாலு தையலையும் மனதில் எண்ணிக்கொண்டுதான் அன்று பின்னேரம் வீடு திரும்பினேன். யார்மேல் பாய்வது என்று வரும் வழியிலேயே தீர்மானித்துவிட்டேன்.

நான் தீர்ப்பளித்த விதம்

என் மகள் ஆரணிக்கு அப்போது பத்தொன்பது வயது. கல்லூரியில் முதலாம் வருடம். அந்த இலையுதிர் காலத்தில்தான் சாரதி அனுமதிப்பத்திரம் எடுத்திருந்தாள்.

கார்த்திகை மாதத்தில் இருந்து அவளிடம் ஒரு புதுப் பழக்கம். பின்னேரம் ஆறு மணியளவில் கார்ச் சாவியை எடுத்துக்கொண்டு கீழே போவாள். எங்கும் ஓட்டிப் போவதில்லை. காருக்குள் ஒரு மணித்தியாலம் இருப்பாள். ஐந்தாம் மாடிக் குசினி ஜன்னலில் இருந்து பார்த்தால், இருட்டில் கார் ரேடியோவின் நீல வெளிச்சமும், அதில் அவளுடைய நாடியும் மட்டும் தெரியும்.

என்ன செய்கிறாய் என்று ஒரு தடவை கேட்டேன். சும்மா என்றாள். யாரோ ஒரு பெடியன் என்று நானே முடிவு செய்தேன். அதைப்பற்றி நான் பெரிதாகக் கவலைப்படவில்லை. பற்றரியைப் பற்றித்தான் கவலைப்பட்டேன்.

அன்று உடுப்பு மாற்றுவதற்கு முன்னமே தொடங்கிவிட்டேன். ரேடியோவைப் போட்டபடி விட்டுவிட்டு வருகிறாய் என்றேன். உன் விளையாட்டால் கண் தெரியாத ஒரு மனிதர் விழுந்து கிடந்தார் என்றேன்.

ஆரணி முதலில் பதற்றப்படவில்லை. "நான் ஒவ்வொரு நாளும் நிப்பாட்டிப்போட்டுத்தான் வாறனான் அம்மா. ஸ்கிரீன் இருண்டு போறதைப் பாத்திட்டுத்தான் கதவைப் பூட்டுறனான்" என்றாள்.

"அப்ப பற்றரி தானாச் செத்துப்போகுதோ?"

 யாரோடு அங்கே கதைக்கிறாய், அதையாவது சொல் என்றேன். அவள் என்னை ஒரு மாதிரிப் பார்த்தாள். கண் நிறைந்தது. ஏதோ சொல்ல வாய் எடுத்தவள், விழுங்கிக்கொண்டு அறைக்குள் போனாள்.

வியாழக்கிழமை நான் வேலையால் வந்தபோது அவளுடைய தோள்பை இல்லை. ஒஸ்லோவுக்கு வெளியே திராமன் நகரில் இருக்கும் சிநேகிதி வீட்டில் கொஞ்ச நாள் தங்கப்போவதாகவும், அங்கிருந்தே ரயிலில் கல்லூரிக்குப் போவதாகவும் ஒரு குறுஞ்செய்தி வந்தது. எனக்குக் கோபம் ஆறவில்லை. குற்றம் உள்ள மனசு ஓடத்தானே செய்யும் என்று நினைத்தேன். இதை எழுதக் கை கூசுகிறது. ஆனால் நினைத்தது அதுதான்.

அன்றிரவு என் கணவருக்குத் தொலைபேசியில் எல்லாவற்றையும் ஒப்பித்தேன். முழுவதையும் கேட்டார். "விடும், சின்னப்பிள்ளை" என்றார். பிறகு சட்டென்று தொலைபேசியை வைத்துவிட்டார். வேலைக் களைப்பு என்று எண்ணிக்கொண்டேன்.

இவர் பூட்டிய ரேடியோ

இவர் அப்போது ஹம்மர்பெஸ்டில் மீன் பதனிடும் ஆலையில் இருந்தார். ஒஸ்லோவில் இவர் இருபது வருடம் வேலை செய்த துப்புரவு நிறுவனம் மூடப்பட்டபோது இவருக்கு ஐம்பத்திரண்டு வயது. விண்ணப்பம் அனுப்பி அனுப்பிக் களைத்துப் போனார். கடைசியில் வடக்கே, நாட்டின் உச்சந்தலையில் வேலை கிடைத்தது. இரண்டு மாதத்துக்கு ஒரு தடவை ஒரு கிழமை வீட்டுக்கு வருவார்.

அங்கே கார்த்திகைக் கடைசியில் மறையும் சூரியன் தையில்தான் திரும்ப எட்டிப் பார்க்கும். அதை இவர் ஒரு பகிடியாகத்தான் சொல்லுவார். நானும் பகிடியாகத்தான் கேட்டேன்.

எங்கள் காரில் பழைய ரேடியோதான் இருந்தது. இந்த நாட்டில் பழைய அலைவரிசையை மூடிவிட்டு எல்லாவற்றையும் டிஜிட்டலுக்கு மாற்றியபோது, அது வாயடைத்துப் போனது. வருடக்கணக்காக ஒரே நாலு சீடியைத் திருப்பித் திருப்பிக் கேட்டுக்கொண்டு ஓடினேன். நாற்பது வயதுக்குப் பிறகு, வழுக்கும் தரையில் காரைச் சுழலவிட்டுப் பழக்கும் வகுப்பில் கண்ணீர் விட்டு ஓட்டப் பழகியவள் நான். பாட்டு இல்லாவிட்டால் என் கை ஸ்டியரிங்கை இறுக்கிப் பிடிக்கும்.

இலையுதிர் காலத்தில் வந்தபோது இவர் ஒரு புது ரேடியோ வாங்கிவந்தார். டிஜிட்டல் அலைவரிசை எடுக்கும். தொலைபேசியையும் கம்பி இல்லாமல் இணைக்கலாம்.

அதைப் பூட்டி இரண்டு நாள் ஓடிப் பார்த்த பிறகு நான் ஒன்று கேட்டேன். ஒரு நாளைக்குப் பதினாலு வீடு ஏறி இறங்குகிறேன், ஒவ்வொரு தடவையும் சாவியை எடுக்க ரேடியோ செத்துப்போகிறது, திரும்ப உயிர் வந்து அலைவரிசை தேடி முடிப்பதற்குள் அடுத்த வீடு வந்துவிடுகிறது, ஏதாவது செய்ய முடியாதா என்று.

இவர் நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு, பக்கத்தில் தொலைபேசியில் ஒரு காணொளியை ஓடவிட்டபடி, இரண்டு மணித்தியாலம் காருக்குள் குனிந்து கிடந்தார். வேலை முடிந்தபோது, சாவியை எடுத்த பிறகும் ரேடியோ பாடியது. வேண்டாம் என்றால் பொத்தானை அமத்த வேண்டும், திரை இருண்டுவிடும்.

எனக்குச் சரியான சந்தோஷம். மற்றவர்களின் காரிலும் ஏறிப் பார்த்து, அவர்களுக்கு இப்படி இல்லையே என்று பெருமைப்பட்டதுகூட உண்டு.

சனிக்கிழமை மத்தியானம்

ஆரணி போன மூன்றாம் நாள் ஞாயிற்றுக்கிழமை. கோயிலுக்குப் போக வெளிக்கிட்டு, சாவியைத் திருகினேன். 'டிக்'.

வெள்ளியும் சனியும் எனக்கு விடுமுறை. காரை ஒருவரும் தொடவில்லை. சாவி என் கைப்பைக்குள். மகள் திராமனில்.

சீலையும் குளிர் ஜாக்கெட்டுமாக அந்த ஆசனத்தில் எவ்வளவு நேரம் இருந்தேன் என்று தெரியாது. 

கண்ணாடியில் தட்டியது கவிதா. கோயம்புத்தூர்ப் பிள்ளை, எங்கள் கட்டடத்தில் இரண்டாம் மாடி. லிஃப்டுகளின் மின்சாரப் பெட்டிகளை வடிவமைக்கும் வேலை. மாடிப்படியில் கண்டால் சிரிப்போம். அவள் 'பேட்டரி' என்பாள், நான் 'பற்றரி' என்பேன். அதற்கு மேல் கதைத்ததில்லை. தன் காரில் இருந்து வயர் கொடுத்து என் காரைக் கிளப்பிவிட்டாள். போகும்போது ஒரு கேள்வி கேட்டாள். எந்தெந்த நாட்களில் இப்படி ஆனது?

யோசித்தேன். நாலு தடவையும் விடுமுறைக்குப் பிறகு. ஒரு நாளோ இரண்டு நாளோ கார் ஓடாமல் நின்ற பிறகு.

"அப்போ யாரும் மறந்து விடலக்கா. நிக்கும்போது ஏதோ ஒண்ணு கரண்ட்டை எடுத்துட்டே இருக்கு. வர்ற சனிக்கிழமை மீட்டர் கொண்டுவரேன்" என்றாள்.

சனிக்கிழமை மத்தியானம் வந்தாள். மூடியைத் திறந்து, பற்றரியின் கறுப்பு வயரைக் கழற்றி, நடுவில் மீட்டரைப் பொருத்தினாள். சாரதிப் பக்கக் கதவைத் திறந்தபடி வைத்து, அதன் பூட்டு நாக்கை மட்டும் ஸ்க்ரூடிரைவரால் மடக்கினாள். கதவு மூடியிருக்கிறது என்று கார் நினைக்க வேண்டுமாம். பிறகு அரை மணித்தியாலம் காத்திருக்கச் சொன்னாள். காருக்குள் இருக்கும் மின்சார மூளைகள் எல்லாம் ஒவ்வொன்றாக உறங்க வேண்டும். அதற்கு முன் அளந்தால் பொய்க்கணக்கு வரும்.

பனிக்குவியலின் ஓரத்தில் நின்று பிளாஸ்க்கில் இருந்த தேநீரைக் குடித்தோம். அந்த அரை மணித்தியாலத்தில் அவள் எனக்குச் சாவியின் நிலைகளைச் சொன்னாள். முழுக்க நிறுத்தினால் ஒன்று. ஒரு தரம் திருகினால் ரேடியோ மாதிரிச் சின்னச் சாமான்களுக்கு மட்டும் மின்சாரம். இன்னொரு தரம் திருகினால் எல்லாவற்றுக்கும். கடைசித் திருகல் எஞ்சினைக் கிளப்ப.

ரேடியோவுக்குப் பின்னால் இரண்டு மின் வயர் முக்கியம். மஞ்சள் வயருக்குப் பற்றரியில் இருந்து எந்நேரமும் மின்சாரம் வரும். மணிக்கூட்டையும் நிலையங்களையும் நினைவில் வைத்திருக்க அது துளி அளவுதான் குடிக்கும். சிவப்பு வயருக்குச் சாவி திருகினால்தான் வரும். சிவப்பில் மின்சாரம் நின்றால்தான் ரேடியோ உண்மையாக உறங்கும்.

மீட்டர் அரை ஆம்பியருக்குக் கிட்டக் காட்டியது. உறங்கும் காருக்கு அது மிக அதிகம் என்றாள். ஃபியூஸ்களை ஒவ்வொன்றாகக் கழற்றிக் கழற்றிப் பூட்டினாள். எண் அசையவில்லை. ரேடியோவின் ஃபியூஸைக் கழற்றியதும் சடாரென்று விழுந்து, ஏறக்குறைய ஒன்றுமில்லை என்ற இடத்தில் நின்றது.

ரேடியோவை வெளியே இழுத்தாள். பின்னால் சிவப்பும் மஞ்சளும் ஒன்றாக முறுக்கப்பட்டு, கறுப்பு டேப் சுற்றியிருந்தது. டேப்பின் நுனி உரிக்க வசதியாக மடிக்கப்பட்டிருந்தது. வீட்டில் எதை ஒட்டினாலும் இவர் அப்படித்தான் நுனியை மடிப்பார்.

இரண்டையும் சேர்த்தால், சாவி எப்போதும் திருகியே இருக்கிறது என்று ரேடியோ நினைத்துக்கொள்ளும். அதனால்தான் சாவி எடுத்தும் பாடியது. பொத்தானை அமத்தினால் இருள்வது திரை மட்டும். உள்ளே எல்லாம் விழித்துக்கொண்டே இருக்கும். குளிரும், வீட்டுக்கு வீடு ஐந்து நிமிட ஓட்டமும் சேர, பற்றரிக்கு நிரம்ப நேரமே கிடைக்கவில்லை.

"அப்ப என்ர பிள்ளை நிப்பாட்டினவள்தானோ?" என்று கேட்டேன்.

"அவ கரெக்டாதான் ஆஃப் பண்ணிருக்காக்கா."

கவிதா வயர்களைப் பிரித்து, சிவப்பை அதற்குரிய இடத்தில் பூட்டினாள். மறுபடி அரை மணித்தியாலம். மறுபடி மீட்டர். சரியாக இருந்தது. புதுக் கார்களில் சாவி எடுத்தாலும் கதவைத் திறக்கும்வரை ரேடியோ பாடுமாம். கொஞ்ச நேரத்தில் தானாகவே நின்றுவிடும். அப்படி வேண்டும் என்றால் ஒரு சின்னக் கருவி பூட்டித் தருகிறேன் என்றாள். வேண்டாம் என்றேன்.  என்ன நினைத்தாளோ, மீட்டரைச் சுருட்டி வைத்துவிட்டு, குளிர்ந்துபோன என் கையைத் தன் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

மறுமுனையில்

மேலே வந்து உடனே இவருக்கு எடுத்தேன். ஏசத்தான் எடுத்தேன். சிவப்பையும் மஞ்சளையும் சேர்த்துக் கட்டினீர்களா, அதனால் பிள்ளையை வீட்டை விட்டுத் துரத்திவிட்டேனே என்றேன்.

"அது நான் கட்டினதுதான்" என்றார். பிறகு, "பிள்ளை காரிலை இருந்தது என்னோடை கதைக்கத்தான், வசந்தி" என்றார்.

நான் கதிரையில் இருந்துவிட்டேன்.

மெல்ல மெல்லச் சொன்னார். கார்த்திகையில் இருந்து, வேலை முடிந்து அறைக்கு வந்தால் சுவரைப் பார்த்தபடி படுத்துவிடுவாராம். சாப்பாடு செல்லவில்லை. காலை எது, மாலை எது என்று உடம்புக்குத் தெரியவில்லை. ஒரு நாள் ஆரணி ஏதோ படிவ விஷயமாகத் தொலைபேசி எடுத்தபோது, கதைத்துக்கொண்டே அழுதுவிட்டார். அவள் பயப்படவில்லை. தினமும் ஆறு மணிக்கு எடுப்பேன் அப்பா, நீங்கள் எழும்பி விளக்கைப் போட்டுவிட்டுத்தான் கதைக்க வேண்டும் என்றாளாம்.

எனக்குச் சொல்ல வேண்டாம் என்று இவர்தான் கேட்டிருக்கிறார். நான் நாள் முழுக்க மற்றவர்களின் நோயைச் சுமக்கிறேன், இதையும் சுமக்க வேண்டாம் என்று. வீட்டில் கதைத்தால் குசினிக்குக் கேட்கும். அதனால் கார். இவருடைய குரல் ஸ்பீக்கரில் பெரிதாக வரும். பக்கத்தில் இருப்பதுபோல இருக்கிறது என்று அவள் சொல்வாளாம்.

பிள்ளையைக் குற்றம் சாட்டி நான் ஒப்பித்த இரவு ஏன் வாய் திறக்கவில்லை என்று கேட்டேன்.

"ஒண்டைச் சொன்னால் எல்லாத்தையும் சொல்லவேணும். எனக்கு ஏலாமல் போச்சு."

கோபம் வந்தது. அது வந்த வேகத்திலேயே எங்கேயோ போயும் விட்டது. இரண்டு மாதமாக இவரிடம் நான் கேட்காத கேள்வியைக் கேட்டேன்.

"இப்ப எப்பிடி இருக்கிறியள்?"

"இண்டைக்குப் பரவாயில்லை. நேற்று இல்லை."

ஆற்றங்கரையில்

அடுத்த நாள் திராமனுக்கு ஓட்டிப் போனேன். நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு சின்னப் பேக்கரி. ஜன்னலுக்கு வெளியே ஆற்றில் பனிக்கட்டித் தட்டுகள் ஒன்றையொன்று இடித்தபடி போய்க்கொண்டிருந்தன. ஆரணி மெலிந்திருந்தாள். நான் வாங்கி வைத்த கறுவாப் பணிஸை அவள் தொடவில்லை.

வயர் கதை முழுவதையும் சொன்னேன். பிழை என்னுடையது என்றேன். அப்பா எல்லாம் சொல்லிவிட்டார் என்றேன். அதைக் கேட்டதும் அவளுடைய தோள் ஒரு அங்குலம் கீழே இறங்கியது. பிறகு அவள் கேட்ட முதல் கேள்வி, ஆர்னெயின் தையல் வெட்டியாயிற்றா என்பது.

"நான்தானோ எண்டு நானும் யோசிச்சனான் அம்மா. ஒவ்வொரு நாளும் யோசிச்சனான். நிப்பாட்டின ஞாபகம் இருக்கு, ஆனால் பிழையா ஞாபகம் வைச்சிருக்கிறனோ எண்டு."

அது எனக்குத் தோன்றவே இல்லை. அவள் கோபத்தில் போனாள் என்றே நினைத்திருந்தேன். ஒரு கிழவரின் நெற்றியை உடைத்தவள் தானோ என்ற நினைப்பையும், தகப்பனின் இரகசியத்தையும் சேர்த்துத் தூக்கிக்கொண்டு போயிருக்கிறாள்.

"மீட்டரிலை கண்டுபிடிச்சபடியாலை வந்தனீங்கள். கண்டுபிடிச்சிருக்காட்டி?"

பொய் சொல்ல வாய் வந்தது. சொல்லவில்லை. "தெரியாது பிள்ளை" என்றேன்.

அவள் வெளியே பனிக்கட்டிகளைப் பார்த்தாள். "நீங்கள் என்னட்டைக் கேக்கேல்லை. சொன்னனீங்கள்" என்றாள். அதில் சூடு இல்லை. அதனால்தான் அது இன்றைக்கும் உள்ளே நிற்கிறது.

அன்று அவள் என்னோடு வரவில்லை. பணிஸில் பாதியைப் பிய்த்து என் பக்கம் தள்ளினாள். அவ்வளவுதான் அன்றைக்குக் கிடைத்தது. இரண்டு கிழமை கழித்து, சொல்லாமல் கொள்ளாமல், தோள்பையுடன் வந்தாள். அந்த இரண்டு கிழமையும் ஆறு மணிக்கு இவருக்கு எடுத்தது நான். இவருக்கு என்னோடு கதைக்க முதலில் கூச்சமாக இருந்தது. எனக்கும்தான். திருமணமாகி இருபத்தாறு வருடம்.

இவர் வைத்தியரிடம் போனார். பங்குனியில் மருத்துவ விடுப்பில் வீட்டுக்கு வந்தார். கோடையில் இங்கேயே ஒரு களஞ்சியத்தில் வேலை கிடைத்தது. எல்லாம் சரியாகிவிட்டது என்று எழுத ஆசைதான். மார்கழி வந்தால் இன்னமும் சில நாட்கள் பாரமாகத்தான் போகின்றன. ஆனால் அந்த நாட்களில் இவர் சொல்லிவிடுகிறார், நாங்களும் கேட்கிறோம்.

ஆர்னெயிடம் காரணத்தைச் சொன்னபோது கனநேரம் சிரித்தார். ட்ராமில் ரேடியோ இல்லாதது எவ்வளவு நல்லது என்றார்.

இந்த அத்தியாயத்தை அனுப்புவதற்கு முன் ஆரணியிடம் கொடுத்து, போடலாமா என்று கேட்டேன். தமிழை மெதுவாகத்தான் வாசிப்பாள். முழுவதையும் வாசித்துவிட்டு ஒரே ஒரு திருத்தம் சொன்னாள். ஒரு மணித்தியாலம் என்று எழுதியிருக்கிறீர்கள், சில நாட்கள் இரண்டு என்றாள்.

இவரிடமும் கேட்டேன். ஊரில் நாலுபேர் வாசிப்பார்கள், வேண்டுமென்றால் வேறு யாருடையதோ கதைபோல எழுதிவிடலாம், பெயரையும் மாற்றலாம் என்றேன். தேநீர்க் கோப்பையைக் கழுவிக்கொண்டிருந்தவர் தண்ணீரை நிறுத்தினார்.

"பேரை மாத்தாதேயும். ஹம்மர்பெஸ்டிலை என்னைமாதிரி இன்னும் ஆக்கள் இருக்கினம். இப்பிடி ஒருத்தன் இருந்தவன், சொன்னவன், திரும்பி வந்தவன் எண்டு அவைக்குத் தெரியட்டும்."

இவர் பெயர் குகநேசன்.